நல்லதண்ணி டீ மியூசியம்: போகலாமா, வேண்டாமா?

தமிழ்நாட்டிலிருந்து மூணாறு வருகிறவர்கள் ஜீப்பில் ஏறியதும் என்னிடம் கேட்கிற கேள்வி இதுதான்: "அண்ணே, டீ மியூசியம் பார்க்கிற மாதிரி இருக்குமா, இல்ல நேரா டாப் ஸ்டேஷன் விட்டுடலாமா?" வளைவில் ஸ்டியரிங்கை ஒடித்துக்கொண்டே ஒவ்வொருத்தருக்கும் பதில் சொல்லி அலுத்துவிட்டது. அதனால் எழுதி வைக்கிறேன். எனக்கு மியூசியத்தில் கமிஷன் எதுவும் கிடையாது. ஆனால் நான் லயத்தில், அதாவது எஸ்டேட் தொழிலாளிகளின் வரிசை வீட்டில் பிறந்தவன். அப்பா ஃபேக்டரியில் இலை உருட்டுகிற ரோலர் மெஷின் பார்த்தவர், அம்மா கொழுந்தெடுத்தவர். அந்தச் சாய்வு என் பேச்சில் இருக்கும், கழித்துப் படித்துக்கொள்ளுங்கள்.

போகலாம். தாராளமாகப் போகலாம். வாசலில் போட்டோ எடுத்துவிட்டு உடனே திரும்புகிற ஆளாக இருந்தால் மட்டும் வேண்டாம். அந்த நேரத்துக்கு மாட்டுப்பட்டி அணை ஓரம் நின்று சோளக்கதிர் தின்றாலாவது வயிறு நிறையும்.

டவுனிலிருந்து நல்லதண்ணி ரோட்டில் சுமார் இரண்டு கிலோமீட்டர். கே.டி.எச்.பி. நடத்துகிற இடம். கண்ணன் தேவன் ஹில்ஸ் பிளான்டேஷன்ஸ் என்று முழுப் பெயரையும் இங்கே யாரும் சொல்வதில்லை, 'கம்பெனி' என்றாலே போதும். திங்கட்கிழமை விடுமுறை. ஞாயிறு ராத்திரி வந்து தங்கி, திங்கள் காலையில் பூட்டின கேட்டைப் பார்த்துவிட்டு டிரைவரை முறைக்கிறவர்கள் அதிகம், அதனால் முதலிலேயே சொல்கிறேன். மே மாசம், ஓணம், கிறிஸ்துமஸ் சமயமென்றால் திறக்கிற நேரத்துக்கே போய்விடுங்கள்.

உள்ளே போனால் முதலில் ஒரு படம் போடுவார்கள். மலையின் கதை. 1877-இல் ஜான் டேனியல் மன்றோ என்ற வெள்ளைக்காரர் பூஞ்ஞாறு ராஜாவிடம் இந்த மலையைக் குத்தகைக்கு வாங்கியது, 1880-இல் ஷார்ப் என்பவர் இன்றைக்கு செவன்மலை எஸ்டேட்டாக இருக்கிற பார்வதியில் சுமார் 50 ஏக்கரில் முதல் தேயிலை போட்டது, 1895-இல் ஃபின்லே மியூர் வந்தது, 1897-இல் கண்ணன் தேவன் கம்பெனி உருவானது, 1964-இல் டாடா கூட்டுச் சேர்ந்தது, 2005-இல் தொழிலாளர்களுக்கும் பங்கு கொடுத்து இப்போதைய கம்பெனி வந்தது. பிள்ளைகள் நெளிவார்கள். பரவாயில்லை, பல்லைக் கடித்துக்கொண்டு பார்த்துவிடுங்கள். அதைப் பார்க்காமல் உள்ளே இருக்கிற சாமான்களைப் பார்த்தால் காயலான் கடை மாதிரிதான் தெரியும்.

சாமான்களில் என் முதல் மார்க் சூரியக் கடிகாரத்துக்கு. கருங்கல் மேல் வைத்திருக்கிறார்கள். 1913-இல் செய்தது. எங்கே செய்தது என்று பாருங்கள்: நாசரேத், ஆர்ட் இண்டஸ்ட்ரியல் ஸ்கூல். நம் தூத்துக்குடி ஜில்லா நாசரேத்தேதான். திருநெல்வேலி, தூத்துக்குடிப் பக்கத்து ஆட்களை வண்டியில் ஏற்றினால் இதன் முன்னால் கட்டாயம் நிறுத்துவேன். மூணாறு லயங்களில் பாதிக் குடும்பத்துக்குப் பூர்வீகம் கயத்தாறு, சங்கரன்கோவில் பக்கம்தான். ஆளும் அங்கிருந்து வந்தார்கள், நேரம் காட்டுகிற கல்லும் அங்கிருந்து வந்திருக்கிறது. ஆனால் லயத்துக்காரனுக்கு மணி சொன்னது கடிகாரம் இல்லை, சங்கு. ஃபேக்டரி சங்கு ஊதினால் எழுந்திருக்க வேண்டும், ஊதினால் பெரட்டுக்கு, அதாவது ஆள் கணக்கெடுத்து வேலை பிரிக்கிற இடத்துக்குப் போக வேண்டும், ஊதினால் சாப்பாடு. இந்த மலையில் வருஷத்தில் பாதி நாள் மழையும் மஞ்சுமாகத்தான் இருக்கும். சூரியக் கடிகாரத்தை வைத்துக்கொண்டு துரைமார் என்ன பாடுபட்டார்களோ.

அடுத்து ஒரு தாழி. பெரியகானல் எஸ்டேட்டில் கிடைத்த பழங்காலத்து ஈமத் தாழி. ஆதிச்சநல்லூர் பற்றிப் படித்தவர்களுக்கு விளக்கவே வேண்டாம். மலையை முதன்முதலில் கண்டுபிடித்தது வெள்ளைக்காரன் என்று படத்தில் பார்த்துவிட்டு வந்து நிற்கிறவர்களுக்கு, இரும்புக் காலத்திலேயே இங்கே ஆள் வாழ்ந்து செத்துப் புதைந்திருக்கிறான் என்று அந்த ஒரு பானை சொல்லிவிடும். இந்த மலையின் பழங்குடிகளான முதுவான்மாரைக் கேட்டால் சிரிப்பார்கள்.

ரயில் சக்கரத்தை விட்டுவிடாதீர்கள். மூணாறில் ரயில் ஓடியது என்றால் இப்போதும் நம்பாதவர்கள் இருக்கிறார்கள். 1902-இல் ஒற்றைத் தண்டவாளத்தில் ஆரம்பித்து, 1908-இல் குறுகிய பாதை ரயிலாக மாற்றினார்கள். மூணாறிலிருந்து குண்டளை வழியாக டாப் ஸ்டேஷன். அந்த மேட்டுக்கு அந்தப் பெயர் வந்ததே அதனால்தான். அங்கிருந்து தேயிலைப் பெட்டி கம்பியில் தொங்கிக்கொண்டு கொட்டகுடிக்கு இறங்கும், அப்புறம் போடி, அப்புறம் தூத்துக்குடித் துறைமுகம், அப்புறம் கப்பல். 1924 ஜூலையில் பெய்த மழையில், இங்கே 'தொண்ணூற்றொன்பது வெள்ளம்' என்பார்கள், கொல்லம் ஆண்டு 1099, அத்தனையும் அடித்துக்கொண்டு போய்விட்டது. திரும்பப் போடவில்லை. மூணாறு டவுனில் கம்பெனி ஆபீஸ் இருக்கிறதே, அதுதான் பழைய ஸ்டேஷன் கட்டடம். தேயிலை சொகுசாகத் தொங்கிக்கொண்டு இறங்கிய அதே மலையில், ஆள் சேர்க்கிற கங்காணி கொடுத்த முன்பணத்தை வாங்கின ஆட்கள் சட்டி பானையோடு நடந்து ஏறினார்கள். என் தாத்தாவும் போடியிலிருந்து குரங்கணி வழியாக அப்படித்தான் வந்தார்.

பங்களா சாமான்கள் இருக்கிற பகுதி பெண்களுக்குப் பிடிக்கும் என்று ஒரு பேச்சு உண்டு. எனக்கென்னவோ அங்கே நிற்கிறவர்கள் எல்லோருக்குமே கொஞ்சம் துரையாகிப் பார்க்கிற ஆசை வருகிறது என்று தோன்றும். தட்டச்சு, சுற்றிப் பேசுகிற போன், கணக்குப் போடுகிற மெஷின், இரும்பு அடுப்பு, மரத்தால் செய்த குளியல் தொட்டி. அந்தத் தொட்டியை நன்றாகப் பாருங்கள். ஒரு ஆள் நீட்டிப் படுக்கலாம். அதை நிரப்ப எத்தனை வாளி வெந்நீர் வேண்டும் என்று மனசுக்குள் கணக்குப் போடுங்கள். விறகு வெட்டி, தண்ணீர் சுமந்து, சூடாக்கி, மேலே தூக்கிப் போய் ஊற்றினவன் யார் என்றும் யோசியுங்கள். என் பாட்டியின் தம்பி ஒரு பங்களாவில் அந்த வேலைதான் பார்த்தார். ராத்திரி லயத்துக்குத் திரும்பினால் குளிருக்குப் பயந்து கால் மட்டும் கழுவிக்கொண்டு படுப்பாராம்.

மியூசியத்தில் எனக்கு ஒரு ஆசை உண்டு. இத்தனை மெஷினுக்கு நடுவில் நுழைந்து பார்க்கிற மாதிரி ஒரு லயத்து அறையை அப்படியே கட்டி வைக்கலாம். பெரிய செலவெல்லாம் இல்லை. ஒரே சுவரை இரண்டு குடும்பம் பங்கு போடுகிற வரிசை வீடு. முன்னால் ஒரு அறை, பின்னால் புகை பிடித்த சமையலறை, கயிற்றில் காய்கிற கம்பிளி, மூலையில் விறகு. குளிர் மாசத்தில் அடுப்பைச் சுற்றித்தான் எல்லோரும் படுப்போம். பக்கத்து வீட்டில் தாளித்தால் எங்களுக்குத் தும்மல் வரும்.

இதை வெறும் வறுமைக் கதையாக எடுத்துக்கொள்ள வேண்டாம். நான் பிறந்த எஸ்டேட்டின் பெயரையும் முதலாளியையும் சொல்லப் போவதில்லை, இந்த மலையில் கம்பெனிகள் பல. அங்கே எல்லாம் கம்பெனியிடமிருந்துதான் வரும். வீடு அவர்கள் வீடு. விறகு அவர்கள் விறகு. கம்பிளி ஸ்டோரில் கிடைக்கும். அம்மா கொழுந்துக்குப் போனால் என்னைப் பிள்ளைக்கூடத்தில் ஆயா பார்த்துக்கொள்வார், பால் கொடுப்பார். காய்ச்சலென்றால் எஸ்டேட் டிஸ்பென்சரி. படிப்பு எஸ்டேட் பள்ளிக்கூடத்தில், தமிழில். கோவில் கொடைக்குக் கம்பெனி நன்கொடை, பெரிய துரை வந்தால் முதல் மாலை அவருக்கு. பந்தாட்டமும் அப்படியே. மூணாறில் எஸ்டேட்டுகளுக்குள் ஃபின்லே ஷீல்டு ஃபுட்பால் நடக்கும் பாருங்கள், அன்றைக்கு எவனும் வீட்டில் இருக்க மாட்டான். நன்றாகப் பந்து விளையாடுகிற பையனுக்கு ஃபேக்டரியில் சுலபமான வேலை கிடைக்கும் என்று லயத்தில் ஒரு நம்பிக்கை. உண்மையோ பொய்யோ, நாங்கள் எல்லோரும் விழுந்து விழுந்து விளையாடினோம். மாடு கட்ட வேண்டுமா, ஆபீஸில் கேட்க வேண்டும். சொந்தக்காரர் வந்து மாசக்கணக்கில் தங்குகிறாரா, அதுவும் ஆபீஸுக்குத் தெரிந்துவிடும்.

இதெல்லாம் துரையின் தயவு என்று எங்கள் பாட்டி சாகும்வரை நம்பினார். பெரிய பங்களா இருக்கிற திசையைப் பார்த்துக் கும்பிடுவார். 1951-இல் வந்த தோட்டத் தொழிலாளர் சட்டம் என்று ஒன்று இருந்தது, ஐம்பது பெண்களாவது வேலை செய்தால் பிள்ளைக்கூடம், நூற்றைம்பது தொழிலாளியாவது இருந்தால் கேன்டீன், வீடு, மருத்துவம், பள்ளிக்கூடம் எல்லாம் முதலாளியின் கடமை என்று அதில் எழுதியிருந்தது என்பது எனக்கே ஜீப் வாங்கின பிறகு, வண்டியில் வந்த ஒரு வக்கீல் சொல்லித்தான் தெரியும். பாட்டியிடம் சொல்லியிருந்தாலும் நம்பியிருக்க மாட்டார்.

அப்பா ரிட்டயர் ஆன அன்றைக்கு ஸ்டோரிலிருந்து ஒருத்தர் நோட்டோடு வந்தார். வீட்டை ஒப்படைக்க வேண்டுமல்லவா. பல்ப் ஹோல்டர் இருக்கிறதா, கதவுத் தாழ்ப்பாள் இருக்கிறதா, ஒவ்வொன்றாக டிக் போட்டார். பின்பக்க ஜன்னலில் ஒரு கண்ணாடி உடைந்து அம்மா அட்டை வைத்து அடைத்திருந்தார். நான் பந்தடித்து உடைத்தது. அந்தக் கண்ணாடிக்கும் கணக்கில் பிடித்தார்கள். எவ்வளவு என்பது பெரிசில்லை. அப்பா அந்த வீட்டிலேயே பிறந்து, அந்த வீட்டிலிருந்தே ரோலருக்குப் போய், தலை நரைத்தவர். நோட்டில் கையெழுத்துப் போட்டுவிட்டு, சாவியைக் கொடுத்துவிட்டு, "சரி, வரேன் சார்" என்றார். ஸ்டோர்க்காரர் அப்பாவோடு படித்தவர். அவருக்கும் என்ன சொல்வதென்று தெரியாமல், "பஸ் எத்தனை மணிக்கு?" என்று கேட்டார். இன்றைக்கும் எந்தக் கம்பெனியானாலும் பெரும்பாலும் இதே நிலைதான்: பிள்ளைகளில் ஒருத்தர் எஸ்டேட்டில் வேலைக்கு நின்றால் லயத்தில் இருக்கலாம், இல்லையென்றால் வேலையோடு வீடும் போச்சு. அதனால்தான் பல வீடுகளில் படித்த பெண் பிள்ளையும் கூடையை மாட்டினாள். இப்போது அதுவும் குறைந்து, லயங்களில் ஜார்க்கண்ட், அசாம் ஆட்கள் நிறைய வந்துவிட்டார்கள்.

மியூசியத்துக்குத் திரும்பி வருகிறேன். 1905-ஆம் வருஷத்து ரோலர் ஒன்று இருக்கிறது. அப்பாவை ஒருமுறை கூட்டிப் போனேன், அதைச் சுற்றி வந்து தட்டிப் பார்த்துவிட்டு ஒன்றுமே சொல்லவில்லை. ரோலர் சத்தத்தில் காது மந்தமானவர் என்பதால் கைடு சொன்னதும் அவருக்குக் கேட்கவில்லை. பக்கத்திலேயே கன்னிமலை எஸ்டேட்டில் 1920-களில் மின்சாரம் எடுத்த பெல்டன் சக்கரம், தண்ணீர் வேகத்தில் சுற்றுகிறது. இஞ்சினியரிங் படிக்கிற பிள்ளைகள் அங்கே நின்றுவிடுவார்கள்.

கடைசியில் சின்ன ஃபேக்டரி. மியூசியத்தில் காசுக்கு மதிப்பு இங்கேதான், அவசரப்படாதீர்கள். கொழுந்தை வாட்டுவது, உருட்டுவது அல்லது சி.டி.சி. மெஷினில் நசுக்கிக் கிழித்துச் சுருட்டுவது, புளிக்க வைப்பது, காய வைப்பது, சலித்துத் தரம் பிரிப்பது, வரிசையாக விளக்குவார்கள். என் சித்தியை இங்கே கூட்டி வந்தது எனக்கு மறக்காது. கொழுந்தெடுத்தே காலம் கழித்தவர். ஆனால் கொழுந்து எடை போட்டு லாரியில் ஏறினதோடு சரி, ஃபேக்டரிக்குள் அது என்ன ஆகிறது என்று அவர் முழுசாகப் பார்த்ததே இல்லை. கைடுப் பையன் வாட்டின இலையைக் காட்டினதும் ஒரு பிடி எடுத்து உள்ளங்கையில் இறுக்கிப் பிடித்தார். கையை மெல்ல விரித்தார். உருண்டை உடையாமல் அப்படியே நின்றது. "வாடினது சரியா இருக்கு தம்பி" என்றார். பையன் அசந்துபோய், "பாட்டிக்கு எப்படித் தெரியும்?" என்றான். "எங்க அக்கா வீட்டுக்காரர் சட்டையைத் துவைச்சா இந்த மணம்தான் வரும். அவர் வீட்ல சொல்லிக் கேட்டிருக்கேன்" என்றார். அந்த உருண்டையைக் கீழே போட மனசில்லாமல் முந்தானையில் முடிந்துகொண்டார். யாரும் ஒன்றும் சொல்லவில்லை. அந்தப் பையனுக்கு அந்த ஒரு விஷயத்துக்காகவே பத்துக்குப் பத்து.

மொத்த மியூசியத்துக்கு நான் பத்துக்கு ஏழு கொடுப்பேன். சாமான்களுக்கும் பராமரிப்புக்கும் குறை சொல்ல முடியாது. மூன்று மார்க் அந்த லயத்து அறை வருகிறவரைக்கும் என் கையில்.

வண்டியில் சில பேர் 2015 போராட்டத்தைப் பற்றிக் கேட்பார்கள். அந்த செப்டம்பரில் போனஸ் பத்து சதவீதமாகக் குறைந்தது என்று கொழுந்தெடுக்கிற பெண்கள் ஆயிரக்கணக்கில் இறங்கி டவுனில் ரோட்டை அடைத்து உட்கார்ந்தார்கள். பொம்பிளை ஒற்றுமை என்று பெயர். யூனியன் தலைவர்களைப் பக்கத்தில் விடவில்லை. கோஷம் முழுக்கத் தமிழில். ஒன்பது நாளில் போனஸும் சேர்த்துக் கொடுக்கிற தொகையுமாக இருபது சதவீதம் வாங்கினார்கள். அந்த நாட்களில் எனக்கு ஒரு சவாரியும் இல்லை, வீட்டில் கடன். ஆனாலும் டவுனுக்குப் போய் ஓரமாக நின்று பார்த்தேன். துரை பங்களாவைப் பார்த்துக் கும்பிட்ட என் பாட்டியின் பேத்திகள் அந்தக் கூட்டத்தில் இருந்தார்கள். சிலர் பெட்டிமுடியையும் கேட்பார்கள். 2020 ஆகஸ்ட் 6 ராத்திரி மலை சரிந்து லயங்களை மூடி, 70 பேர் போன இடம். அங்கே மட்டும் நான் சவாரி எடுப்பதில்லை.

மியூசியத்தோடு சேர்த்துப் பார்க்க வேண்டுமென்றால் பழைய மூணாறு பக்கத்து சி.எஸ்.ஐ. கிறிஸ்து தேவாலயம். சர்ச் கட்டுவதற்கு முன்னாலேயே கல்லறை வந்த இடம் அது. காலராவில் 1894-இல் இறந்த எலினார் இசபெல் மே என்ற இளம்பெண்தான் முதலில் அடக்கமானவர். மேலே ஏற மூச்சு வாங்கும், வயசானவர்களைக் கீழேயே உட்கார வையுங்கள். அப்புறம் 'சிருஷ்டி'. எஸ்டேட் தொழிலாளிகளின் மாற்றுத்திறனாளிப் பிள்ளைகளுக்காக டாடா டீ காலத்தில், 1991-இல் ஆரம்பித்தது. அவர்கள் கையால் செய்கிற ஸ்ட்ராபெர்ரி ஜாம், காகிதப் பொருட்கள், இயற்கைச் சாயம் போட்ட துணிகள் கிடைக்கும். துணி விலை ஜாஸ்தி என்று தோன்றலாம். சாயம் போடுகிறதை ஒருமுறை நின்று பார்த்துவிட்டுப் பேரம் பேசுங்கள், வாய் வராது. ஜாம் தித்திப்பு கொஞ்சம் தூக்கல். என் மகளுக்கு அதுதான் பிடிக்கும்.

டீ வாங்குகிற விஷயம். 'கண்ணன் தேவன்' பாக்கெட் டாடாவுடையது, உங்கள் ஊர் மளிகைக் கடையிலேயே கிடைக்கும், அதை இங்கிருந்து சுமந்து போக வேண்டாம். கே.டி.எச்.பி. தன் தேயிலையை விற்கிறது 'ரிப்பிள்' என்ற பெயரில். அதை வாங்குங்கள். வீட்டில் பால் ஊற்றி, இஞ்சி தட்டிப்போட்டுக் குடிக்கிறவர்கள் டஸ்ட், அதாவது பொடித் தேயிலை வாங்கினால் போதும். கண்ணுக்கு அழகாக இருக்கிறதென்று பெரிய இலை டீயை வாங்கிப் போய்ப் பாலில் கொதிக்க வைத்துவிட்டு, சாயமே இறங்கவில்லை, ஏமாற்றிவிட்டார்கள் என்று எனக்கு போன் போடாதீர்கள்.